ஓடிக்கொண்டே சுடுவதில் அப்படி என்ன இருக்கிறது?

கேள்வி இதுதான்: "டூம், குவேக் மாதிரியான பழைய ஷூட்டர் கேம்களை இன்றைக்கும் ஏன் இவ்வளவு கொண்டாடுகிறார்கள்? கதை என்று சொல்ல எதுவும் இல்லை. படம் கட்டம் கட்டமாக உடைந்து தெரிகிறது. ஓடிக்கொண்டே சுடுவதைத் தவிர வேறென்ன? சின்ன வயது நினைப்பில் பிடித்துத் தொங்குகிறார்களா?"

சின்ன வயது நினைப்பு ஓரளவு இருக்கத்தான் செய்கிறது, மறுக்கவில்லை. ஆனால் 2018இல் வந்த டஸ்க், 2020இல் முழுமையடையாமலே வெளியாகி அப்புறம் அத்தியாயம் அத்தியாயமாக வளர்ந்த அல்ட்ராகில் போன்ற கேம்களில் ஊறிக் கிடப்பவர்களில் பலர், டூம் வெளியான 1993இல் பிறந்தே இருக்கமாட்டார்கள். நினைத்து ஏங்க அவர்களுக்கு ஒரு பழைய காலமே கிடையாது. அப்படியானால் அவர்களை இழுப்பது கேமுக்குள்ளேயே இருக்கிறது என்றுதானே அர்த்தம்?

என்னைக் கேட்டால், அது வெறும் வேகம் இல்லை. கார் ரேஸ் கேம்களில் இதைவிட வேகம் உண்டு. இந்த வகை ஷூட்டரில் உங்களைக் காப்பாற்றுவது உங்கள் கால்கள். மற்ற எல்லாமே அந்த ஒன்றிலிருந்துதான் கிளைக்கிறது.

2000க்குப் பிறகு வந்த பெரும்பாலான ராணுவ ஷூட்டர்களில் என்ன செய்கிறோம் என்று யோசித்துப் பாருங்கள். சுவருக்குப் பின்னால் குனிகிறோம், எட்டிப் பார்த்துச் சுடுகிறோம், அடி விழுந்தால் மறுபடி குனிகிறோம். 2001இல் வந்த ஹேலோவில் கொஞ்ச நேரம் அடிபடாமல் இருந்தால் கவசம் தானாக நிரம்பிவிடும். 2005இல் வந்த கால் ஆஃப் டூட்டி 2இல் ஹெல்த்தே, அதாவது இன்னும் எவ்வளவு அடி தாங்குவீர்கள் என்ற கணக்கே, தானாக ஏறிவிடும். அந்த கேம்களுக்கென்று ஒரு பதற்றமும் அழகும் உண்டு, அவற்றைக் குறை சொல்ல வரவில்லை. ஆனால் அங்கே நகர்வது என்பது ஒரு சண்டை முடிந்து அடுத்த சண்டைக்குப் போகும் வழி. டூமில் நகர்வதுதான் சண்டையே.

இதை எண்ணிலேயே காட்டலாம். டூம் கேமின் கடிகாரம் விநாடிக்கு 35 முறை துடிக்கிறது. இம்ப் என்ற பழுப்பு நிறப் பிசாசு எறியும் நெருப்புப் பந்து ஒரு துடிப்புக்கு 10 அலகு தூரம் போகும். முழு ஓட்டத்தில் இருக்கும் நீங்கள் அதே ஒரு துடிப்பில் 16 அலகுக்கு மேல் கடந்துவிடுவீர்கள். அதாவது, உங்கள்மேல் எறியப்பட்ட நெருப்பை நீங்களே முந்தி ஓடலாம். கீபோர்டில் முன்னால் போகும் விசையையும் பக்கவாட்டில் போகும் விசையையும் சேர்த்து அழுத்தினால் இரண்டு வேகமும் கூடி, கிட்டத்தட்ட 28 சதவீதம் இன்னும் வேகமாகப் போகலாம். அடிப்பவரைவிட அடி வாங்க வேண்டியவர் வேகமானவர் என்று வைத்துவிட்டால் கேமின் குணமே மாறிவிடுகிறது. எதிரியின் அடி கண்ணுக்குத் தெரிந்து வருகிறது. விலக நேரம் இருக்கிறது. விலகாமல் அடிபட்டால், யார் அடித்தார், எங்கிருந்து அடித்தார், நான் எங்கே நின்றிருக்க வேண்டும் என்பது அந்தக் கணத்திலேயே புரிந்துவிடுகிறது. செத்தாலும் எரிச்சல் வருவதில்லை, இன்னொரு முறை பார்க்கலாம் என்றுதான் தோன்றுகிறது.

ஒரு சண்டையைக் கிட்டத்தில் போய்ப் பார்ப்போம். 1994இல் வந்த இரண்டாம் டூமை எடுத்துக்கொள்ளுங்கள். நான்கு தூண்கள் உள்ள ஓர் அறை. எதிரே இரண்டு ரெவனன்ட். தோளில் ஏவுகணை வைத்த எலும்புக்கூடுகள் அவை. இடப்பக்கம் பச்சை நெருப்பு வீசும் ஹெல் நைட் ஒன்று. தூரத்து மேடையில் ஆர்ச்வைல். செத்துக் கிடக்கும் பிசாசுகளை எழுப்பிவிடும் சக்தி அதற்கு உண்டு, ஆகவே அது உயிரோடு இருக்கும்வரை நீங்கள் செய்த வேலை எதுவும் முடிந்த வேலை இல்லை. உங்கள் கையில் இரட்டைக் குழல் ஷாட்கன்.

இப்போது யோசிக்க வேண்டியவை எத்தனை என்று பாருங்கள். ரெவனன்ட் விடும் ஏவுகணைகளில் சில நேராகப் போய்விடும், சில உங்களைத் துரத்தும். புகை விட்டுக்கொண்டு வருவதுதான் துரத்துவது. துரத்துவதை வெறுமனே ஒதுங்கித் தப்பிக்க முடியாது, ஏதாவது ஒன்றின்மேல் மோதவைக்க வேண்டும். தூணைச் சுற்றி ஓடினால் தூணில் மோதும். ஹெல் நைட்டை உரசிக்கொண்டு ஓடினால் ஹெல் நைட்மேல் மோதும். அப்படி மோதியதும் ஹெல் நைட்டுக்குக் கோபம் உங்கள்மேல் இல்லை, ரெவனன்ட்மேல். திரும்பி அதை அடிக்க ஆரம்பித்துவிடும். டூமில் பிசாசுகள் ஒன்றையொன்று அடித்துக்கொள்வது தற்செயலாக நடக்கும் வேடிக்கை இல்லை. நன்றாக ஆடுபவர்கள் பாதி வேலையை எதிரிகளை வைத்தே முடித்துவிடுவார்கள்.

இதற்கிடையில் ஆர்ச்வைல் கையைத் தூக்குகிறது, உங்கள் முன்னால் தீ எழுகிறது. இந்த அடியை ஓடித் தப்பிக்க வழியில்லை. தீ எழுந்து வெடிப்பதற்குள் அதன் பார்வையிலிருந்து மறைந்துவிட வேண்டும், அவ்வளவுதான். தூணுக்குப் பின்னால் போகிறீர்கள். ஆனால் அங்கேதான் இரண்டாவது ரெவனன்ட் வந்துகொண்டிருக்கிறது. ஷாட்கன் ஒரு தடவைக்கு 20 குண்டுச் சிதறல்களைக் கக்கும். பிறகு குழலைத் திறந்து, இரண்டு தோட்டா போட்டு, மூடி, அடுத்த தடவை சுட ஒன்றரை விநாடிக்குக் கொஞ்சம் மேலே ஆகும். அந்த ஒன்றரை விநாடியில் நீங்கள் என்ன செய்கிறீர்கள் என்பதுதான் ஆட்டமே. சுடு, விலகு, தூணுக்கு ஓடு, சட்டென்று நுழை, கிட்டத்தில் சுடு, மறுபடி விலகு. கொஞ்ச நேரத்தில் இதற்கு ஒரு தாளம் வந்துவிடும். துப்பாக்கி மூடும் 'கிளிக்' சத்தத்துக்குக் கால் தானாகத் திரும்பும்.

இத்தனையும் பத்துப் பதினைந்து விநாடிக்குள் முடிந்துவிடுகிறது. பக்கத்தில் நின்று பார்ப்பவருக்கு யாரோ தாறுமாறாக ஓடிக்கொண்டே சுடுவதாகத்தான் தெரியும். ஆடுபவருக்கு அது நாலைந்து கேள்விகளுக்கு ஒரே நேரத்தில் பதில் சொல்வது. ஆரம்பத்தில் ஒவ்வொன்றாக யோசிப்பீர்கள், அடி வாங்குவீர்கள். பழகப் பழக யோசனை தலையிலிருந்து கைக்கு இறங்கிவிடும். அப்படி இறங்கிய பிறகு கிடைக்கும் நிலை இருக்கிறதே, அதற்காகத்தான் நான் இந்த கேம்களிடம் திரும்பத் திரும்பப் போகிறேன். மனம் அமைதியாக இருக்கும், கை மட்டும் பறக்கும். வேறு எந்தக் கவலையும் உள்ளே நுழைய இடமே இருக்காது.

இப்போது கட்டம் கட்டமான படம் பற்றிய புகாருக்கு வரலாம். ககோடீமன் சிவப்பாக உருண்டையாக மிதக்கும், பிங்கி இளஞ்சிவப்பில் வாயைத் திறந்துகொண்டு கடிக்க ஓடிவரும், இம்ப் பழுப்பு. எவ்வளவு தூரத்தில் இருந்தாலும், ஓரக்கண்ணில் பட்டாலும், எது வருகிறது என்று தெரிந்துவிடும். பெரும்பாலான பிசாசுகளுக்கு உங்களைப் பார்த்ததும் போடும் சத்தமும் தனித்தனி. கதவைத் திறக்கும் முன்பே உள்ளே யார் இருக்கிறார் என்று காதாலேயே கணக்குப் போடலாம். புல், தூசி, புகை, நிழல் என்று எல்லாவற்றையும் அச்சு அசலாகக் காட்டும் இன்றைய கேம் ஒன்றில் எதிரியைக் கண்டுபிடிப்பதே பாதி வேலை. இங்கே கண்டுபிடிக்க எதுவும் இல்லை, எல்லாத் தகவலும் கண்முன்னால் கொட்டிக் கிடக்கிறது. என்ன செய்யப்போகிறீர்கள் என்பது மட்டும்தான் பாக்கி. நாற்பது அடி தூரத்தில் நிற்பது எலும்புக்கூடா குட்டிச்சாத்தானா என்று தடுமாற வைக்கும் அழகான படத்தைவிட, பார்த்த நொடியில் புரியும் கரடுமுரடான படம் வேகமான கேமுக்கு எவ்வளவோ மேல்.

துப்பாக்கி விஷயமும் அப்படித்தான். கிடைத்த எல்லாவற்றையும் கூடவே தூக்கிக்கொண்டு ஓடுகிறீர்கள். ஹேலோவில் இரண்டைத்தான் வைத்துக்கொள்ள முடியும், எதை விடுவது எதை எடுப்பது என்பது அங்கே சுவாரஸ்யம். இங்கே ஏழெட்டில் எதை இந்தக் கணத்தில் எடுப்பது என்பது சுவாரஸ்யம். ராக்கெட் லாஞ்சர் கூட்டத்துக்கு நல்லது, ஆனால் கிட்டத்தில் சுட்டால் உங்களையே கொன்றுவிடும். டூமில் ரீலோட் செய்ய, அதாவது தோட்டா நிரப்ப, ஒரு விசையே கிடையாது என்பதையும் சொல்ல வேண்டும்; இரட்டைக் குழல் ஷாட்கன்கூடத் தானாகவே நிரப்பிக்கொள்ளும். கை ஓய்வெடுக்கச் சாக்கு இல்லை.

இன்னொன்று ஹெல்த். தானாக ஏறாது. ஒரு சண்டையில் வாங்கிய அடி அடுத்த அறைக்கும் கூடவே வரும். திரையின் கீழே 23 என்று நிற்கிறது, முன்னால் இருட்டான தாழ்வாரம், அதன் கடைசியில் ஒரு மருந்துப் பெட்டி. போவதா, வந்த வழியில் விட்டுவந்த சின்னக் குப்பிகளைத் தேடித் திரும்புவதா? இந்த மாதிரி முடிவை எந்தக் கதையும் எழுதிவைக்கவில்லை, ஆட்டம் தானாக உண்டாக்கித் தருகிறது. இந்த கேம்களில் கதை இல்லை என்பவர்களுக்கு நான் சொல்வது இதுதான்: நீங்கள் தப்பிப் பிழைத்த விதம்தான் கதை. அதை ஒவ்வொருவரும் வேறு மாதிரி சொல்வார்கள்.

லெவல்களைப் பற்றி ஒரு புத்தகமே எழுதலாம். டூமை உருவாக்கியவர்களில் ஒருவரான ஜான் ரொமேரோ அமைத்த முதல் லெவலை மட்டும் சொல்கிறேன். ஆரம்பத்திலேயே ஒரு ஜன்னல் வழியாக வெளி முற்றம் தெரியும், அங்கே பச்சை விஷக் குட்டையின் நடுவில் நீல ஆர்மர் (கவசம்) மின்னிக்கொண்டிருக்கும். கண்ணுக்கு எதிரே இருக்கிறது, போக வழி தெரியாது. லெவலின் கடைசிப் பகுதியில், மற்ற சுவர்களிலிருந்து கொஞ்சம் வேறுபட்ட ஒரு சுவரைத் தட்டிப் பார்த்தவருக்கு அந்த முற்றத்துக்கு ரகசிய வழி திறக்கும். முதல் நிமிடத்தில் பார்த்த ஆசைக்குக் கடைசி நிமிடத்தில் பதில். ஒரு வார்த்தை சொல்லாமல், 'இந்த உலகத்தில் கண்ணில் படுவது எதையும் விட்டுவிடாதே' என்று கற்றுக்கொடுத்துவிடுகிறார்கள். அம்புக்குறி போட்டு வழிகாட்டும் கேம்களில் இந்தச் சந்தோஷம் கிடைக்காது. சாவியை எடுத்ததும் விளக்கு அணைந்து பின்சுவர் திறக்கும் பொறிகளும் அப்படியே. மூன்று தடவை ஏமாந்தவர் நான்காவது சாவியைப் பார்த்ததும் முதலில் திரும்பிப் பின்னால் பார்ப்பார்.

1996இல் வந்த குவேக், நகர்வை இன்னொரு தளத்துக்குக் கொண்டுபோனது. டூமில் மேலே கீழே பார்க்கவும் முடியாது, குதிக்கவும் முடியாது. குவேக்கில் இரண்டும் முடியும், மாடிக்குமேல் மாடியும் உண்டு. அதைவிட முக்கியம், அதன் இயக்க விதியில் இருந்த ஓர் இடைவெளி. தரையில் ஓடினால் உராய்வு வேகத்தைக் குறைக்கும், காற்றில் உராய்வு இல்லை. காற்றில் இருக்கும்போது நீங்கள் அழுத்தும் திசையில் மட்டும் எவ்வளவு வேகம் இருக்கிறது என்று கேம் பார்க்கும், குறைவாக இருந்தால் கூட்டிக்கொடுக்கும். ஆகவே பக்கவாட்டு விசையை அழுத்திக்கொண்டு மவுஸை மெதுவாக அதே பக்கம் திருப்பினால், 'இந்தத் திசையில் வேகம் குறைவு' என்று நினைத்து அது கூட்டிக்கொண்டே போகும். தரையைத் தொட்டதும் மறுபடி குதித்தால் சேர்த்த வேகம் கரையாது. ஓட்டத்துக்கு வைத்த உச்ச வேகத்தை இப்படித் தாண்டிவிடலாம்.

திட்டமிட்டு வைத்தது இல்லை இது. மூன்றாம் குவேக் உருவாகும்போது, டூம், குவேக் கேம்களின் முதன்மை நிரலாளர் ஜான் கார்மாக் இந்த வகைக் குதிப்பை ஒரு பிழை என்றே எழுதினார், நீக்கியும் பார்த்தார். நீக்கினால் சாதாரண ஓட்டத்தின் இயல்பு கெட்டுப்போகிறது என்று அவரே சொன்னார். பிழை நின்றது, கலையாக வளர்ந்தது. காலடியில் ராக்கெட் சுட்டு அந்த வெடிப்பில் மேலே பறக்கும் ராக்கெட் ஜம்ப்பும் அப்படி வளர்ந்ததுதான். கொஞ்சம் ஹெல்த்தைக் கொடுத்து உயரத்தையும் நேரத்தையும் வாங்கும் பேரம் அது. 1997இல் ஒரு குழுவினர் லெவல் லெவலாகப் பதிவு செய்து, முழு குவேக்கையும் அதன் மிகக் கடினமான நிலையில் 19 நிமிடம் 49 விநாடியில் முடித்துக் காட்டினார்கள். அந்தப் பதிவைத் தேடிப் பாருங்கள். சுடுவதைவிடப் பறப்பதுதான் அதிகம்.

ஒருவரோடு ஒருவர் மோதும் ஆட்டத்தில் இது இன்னும் ஆழமாகிறது. 1999 டிசம்பரில் வந்த மூன்றாம் குவேக்கின் இருவர் போட்டியை உதாரணமாகச் சொல்லலாம். சிவப்பு ஆர்மரை யாராவது எடுத்தால் 25 விநாடியில் அதே இடத்தில் மறுபடி வரும். 100 புள்ளி ஹெல்த் தரும் மெகா ஹெல்த் 35 விநாடியில் வரும். நல்ல ஆட்டக்காரர்கள் இரண்டு கடிகாரத்தையும் மனத்துக்குள் ஓடவிட்டுக்கொண்டேதான் ஆடுவார்கள். எதிராளியின் காலடிச் சத்தம், ஆர்மர் எடுத்த சத்தம், எந்தத் துப்பாக்கியைக் கையில் வைத்திருக்கிறார் என்பது, கடைசியாக எவ்வளவு அடி வாங்கினார் என்பது எல்லாம் கணக்கில் உண்டு. சுடுவதில் சுமாரான ஒருவர், நேரக் கணக்கால் மட்டுமே குறி தவறாத ஒருவரை ஆர்மரும் ஹெல்த்தும் கிடைக்கவிடாமல் பட்டினி போட்டு ஜெயிப்பதை நிறையப் பார்த்திருக்கிறேன். இந்த ஆட்டத்துக்கு அந்தக் காலத்திலேயே எவ்வளவு மதிப்பு இருந்தது என்பதற்கு ஒன்று சொல்லலாம்: 1997இல் நடந்த குவேக் போட்டியில் ஜெயித்த டென்னிஸ் ஃபாங்குக்கு, கார்மாக் தன் சொந்த ஃபெராரி காரையே பரிசாகக் கொடுத்தார்.

குறை இல்லாத வகை என்று சொல்லமாட்டேன். சுட்ட கணத்திலேயே குண்டு வந்து தைக்கும் எதிரிகள், இதுவரை சொன்ன நியாயத்தையே உடைத்துவிடுகிறார்கள். இரண்டாம் டூமின் சுழல் துப்பாக்கிக்காரனும், 1997இல் வந்த பிளட் கேமின் துறவியுடைக் கூட்டமும் இந்த ரகம். மூலை திரும்பியதும் ஹெல்த் பாதி போய்விடும், விலகப் பந்தும் இல்லை, நேரமும் இல்லை. அவர்களை முதலில் கொல்ல வேண்டிய ஆள் என்று வைத்து நன்றாக அமைத்த லெவல்களும் உண்டு, ஆனால் அளவு தப்பினால் வெறும் தொல்லை. எல்லாரையும் கொன்ற பிறகு ஒரு சாவிக்காக வெறும் மேப்பில் கால் மணி நேரம் அலைவதும் இந்த வகையின் பழைய நோய். சிலருக்குத் தலைசுற்றலும் வரும். பார்வைக் கோணத்தை அகலமாக்கி, நடக்கும்போது திரை ஆடும் அமைப்பை அணைத்துவிட்டால் பெரும்பாலும் குறையும்.

பின்னால் வந்தவர்கள் இதில் எதை எடுத்துக்கொண்டார்கள் என்று பார்த்தால் இந்த வகையின் உயிர் எது என்று தெரியும். 2016இல் வந்த டூமில் படம் புதுசு, இசை புதுசு. ஆனால் ஹெல்த் குறைந்தால் ஒளிவதற்குப் பதில் எதிரியிடம்தான் ஓட வேண்டும். தள்ளாடும் பிசாசைக் கையால் முடித்தால் ஹெல்த் கொட்டும். 2020இன் டூம் எடர்னலில் தோட்டா வேண்டுமா, பிசாசை ரம்பத்தால் அறு; ஆர்மர் வேண்டுமா, அதற்கு நெருப்பு வை என்று அந்த எண்ணத்தையே முழு இலக்கணமாக்கிவிட்டார்கள். எனக்கு எடர்னல் சில இடங்களில் 'இந்த எதிரிக்கு இந்த ஆயுதம்' என்று ரொம்பக் கையைப் பிடித்து நடத்துவதாகத் தோன்றும், பழைய டூம் தந்த சுதந்திரம் பெரிது. அல்ட்ராகில் இன்னும் நேரடி: எதிரியின் ரத்தம் உங்கள்மேல் தெறித்தால்தான் ஹெல்த் ஏறும். பயந்து பின்வாங்கினால் சாவு. மூன்றிலும் ஒரே எண்ணம்தான், ஆபத்தை நோக்கி ஓடுவதே பாதுகாப்பு.

பழைய டூமும் செத்துப்போகவில்லை. 1997 டிசம்பரில் அதன் மூலநிரலை எல்லாருக்கும் திறந்துவிட்டார்கள். அன்றிலிருந்து அதை இன்றைய கணினிகளுக்கு ஏற்றபடி மாற்றுவதும், புது லெவல் கட்டுவதும் நிற்கவே இல்லை. ரொமேரோவே 2019இல் சிஜில் என்ற பெயரில் ஒன்பது புது லெவல்களைக் கொண்டுவந்தார்.

நீங்களே ஆடிப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள் என்பதுதான் என் விருப்பம். முதல் டூமும் இரண்டாம் டூமும் 2024 ஆகஸ்டில் ஒரே தொகுப்பாகப் புதுப்பித்து வெளிவந்தன, அதை எடுத்துக்கொள்ளலாம். நடுத்தரக் கடினத்தில் தொடங்குங்கள், மிக எளிதான நிலையில் எதிரி குறைவு, ஓட வேண்டிய அவசியமே வராது. 'எப்போதும் ஓடு' அமைப்பை முதலிலேயே போட்டுவிடுங்கள். சுவருக்குப் பின்னால் நின்று எட்டி எட்டிச் சுடும் பழக்கம் கையில் இருந்தால் முதல் ஒரு மணி நேரத்துக்கு வேண்டுமென்றே அதை விட்டுவிடுங்கள். எதிரியைப் பார்த்தபடியே வட்டமாகச் சுற்றி ஓடுங்கள், அடி விழுந்தால் விழட்டும். முதல் அத்தியாயம் முடியும் வரை குறியைப் பற்றிக் கவலையே வேண்டாம், பழைய டூம் மேல்-கீழ்க் குறியைத் தானாகவே பார்த்துக்கொள்ளும். அது முடிந்து கால் பழகிவிட்டது என்று தோன்றினால் குவேக்குக்குப் போங்கள், இல்லையென்றால் நேராக டஸ்க்.